இரவல் ஞானம்

காலத்தில் பின்னோக்கிப் பிரயாணம் செய்கிறவனைப் பற்றிய கதைகளில், எழுதியவர் அறிந்தோ அறியாமலோ, ஓர் அகங்காரம் குடிகொண்டிருக்கிறது. பின்னால் பிறந்தவன் முன்னால் பிறந்தவனைவிட அறிவாளி, ஆகவே அவன் எந்த நூற்றாண்டில் போய் இறங்கினாலும் அங்கே அவனுக்கென்று ஓர் ஆசனம் காத்திருக்கும் என்ற நம்பிக்கைதான் அது. மார்க் ட்வைன் 1889இல் வெளியிட்ட நாவலில், கனெக்டிகட் மாகாணத்துத் துப்பாக்கித் தொழிற்சாலை ஒன்றில் வேலைசெய்தவன், மண்டையில் பட்ட அடியால் நினைவிழந்து, ஆர்தர் மன்னனின் காலத்தில் கண்விழிக்கிறான். கம்பத்தில் கட்டி உயிரோடு கொளுத்தப்பட இருக்கும் தருணத்தில், அன்றைக்குச் சூரிய கிரகணம் என்பதை அறிந்தவனாகையால், சூரியனையே அவித்துவிடுவேன் என்று மிரட்டித் தப்பி, சீக்கிரமே அந்த ராஜ்யம் முழுவதற்கும் அதிகாரி ஆகிவிடுகிறான். ட்வைன் பெரிய எழுத்தாளர். அந்த அதிகாரம் எங்கே போய் முடியும் என்பதை அவர் மறைக்கவில்லை. மின்சாரம் பாய்ச்சிய கம்பிவேலியிலும் சுழல்துப்பாக்கிகளின் முன்னாலும் ஆயிரமாயிரம் வீரர்கள் பிணமாகிக் கிடப்பதில்தான் நாவல் வந்து நிற்கிறது. ஆனாலும் அந்த இடத்துக்கு வந்து சேரும்வரை, வாசகனும் பிற்காலத்தவனின் சாமர்த்தியத்தை ரசித்துக்கொண்டேதான் வருகிறான்.

இந்த அகங்காரத்தின் வேரையே அறுத்த ஒரு ஹாஸ்யத் திரைப்படம் 1984ஆம் ஆண்டு டிசம்பர் மாதத்தில் இத்தாலியில் வெளியாயிற்று. 'நோன் சி ரெஸ்தா கே பியாஞ்ஜெரே' என்று பெயர். இனி நமக்கு அழுவதைத் தவிர வேறு வழியில்லை என்பது அதன் பொருள். ரொபெர்த்தோ பெனிஞ்ஞி, மாஸ்ஸிமோ த்ரொய்ஸி என்ற இரு நடிகர்கள், ஜியுசெப்பே பெர்த்தொலுச்சியின் துணையோடு எழுதி, இருவருமாகவே இயக்கி, இருவருமே பிரதான வேஷங்களைத் தாங்கி நடித்தது. சவேரியோ ஆரம்பப் பள்ளி உபாத்தியாயர். மாரியோ பள்ளிக்கூடச் சிப்பந்தி. தொஸ்கானா நாட்டுப்புறத்தில் இருவரும் காரில் போகும்போது ரயில்வே கேட் மூடியிருக்கிறது. வெகுநேரம் காத்தும் ரயில் வரும் வழியாக இல்லை. பொறுமையிழந்து குறுக்குப் பாதையில் திருப்பினால் கார் நின்றுவிடுகிறது. மழையும் இருட்டும் சூழ்ந்துகொள்ள, வழியில் தென்பட்ட ஒரு வீட்டில் இரவைக் கழிக்கிறார்கள். விடிந்ததும், அதே அறையில் படுத்திருந்த மூன்றாவது மனிதன் சிறுநீர் கழிப்பதற்காக ஜன்னலண்டை போய் நின்றவன், குதிரைமேல் வந்த எவனோ எறிந்த ஈட்டியால் செத்து விழுகிறான். ஊருக்கு ஃப்ரித்தோலே என்று பெயர், வருஷம் 1492. காலயந்திரமும் இல்லை, மாயாவியும் இல்லை, நடந்தது எப்படி என்பதற்கு ஒரு வார்த்தை விளக்கமும் இல்லை. திறக்காத ஒரு கேட், ஐந்நூறு வருஷத்தைக் கடக்க அது ஒன்றே போதும் என்று படம் சொல்லாமல் சொல்லி மேலே நடக்கிறது.

1492 என்ற வருஷத்துக்குச் சரித்திரப் புத்தகங்களில் உள்ள அந்தஸ்து சாமானியமானதல்ல. ஜனவரி 2ஆம் தேதி க்ரனாடா நகரம் ஸ்பானிய அரசர்களிடம் சரணடைந்தது. மார்ச் 31ஆம் தேதி அதே அரசர்கள் யூதர்களை நாட்டைவிட்டு வெளியேற்றும் ஆணையைப் பிறப்பித்தார்கள். ஏப்ரல் 8ஆம் தேதி ஃப்ளாரன்ஸில் லொரென்ஸோ தெ மெதிசி கண்மூடினார். ஆகஸ்ட் 3ஆம் தேதி பாலோஸ் துறையிலிருந்து மூன்று கப்பல்கள் மேற்கு நோக்கிப் பாய்விரித்தன. மத்திய காலம் இந்த வருஷத்தோடு முடிந்து நவீன காலம் பிறக்கிறது என்றே இத்தாலியக் குழந்தைகளுக்குப் பள்ளியில் பாடம். ஆனால், யுகசந்தியின் நட்டநடுவில் வாசம்செய்யும் ஃப்ரித்தோலே ஜனங்களுக்கு அந்தச் சமாசாரமே தெரியாது. குடும்பப் பகையில் ஆள்மேல் ஆளாக வெட்டுண்டு சாவது, இறைச்சிக் கடையில் மாமிசம் வெட்டி விற்பது, கோயிலுக்குப் போவது, மழைக்கு முன்னால் வீடு சேர்வது என்று அவர்களுடைய நாட்கள் கழிகின்றன. விஸ்கோந்தியின் 'சிறுத்தை' என்ற காவியப் படத்துக்கு 1963இல் ஒளி அமைத்த ஜியுசெப்பே ரொத்துன்னோதான் இந்தப் படத்துக்கும் ஒளிப்பதிவாளர். சிரிக்கவைக்கும் படந்தானே என்று அவர் அலட்சியம் செய்யவில்லை. கல்சுவரிலும் வைக்கோலிலும் விழும் அந்தக் காலை வெயிலைப் பார்த்த மாத்திரத்தில், இது நாடகமேடைப் பதினைந்தாம் நூற்றாண்டு அல்ல, மனிதர்கள் உண்மையாகவே குளிர்ந்தும் பசித்தும் வாழ்ந்த இடம் என்ற நம்பிக்கை மனத்தில் ஊன்றிவிடுகிறது. மரியோ மொனிசெல்லி 1966இல் எடுத்த 'பிரங்காலியோனேயின் சேனை' என்ற படம், மத்திய காலத்து வீரர்களின் பட்டாடையை உரித்து அவர்களைக் கந்தலோடும் பட்டினியோடும் காட்டி வழிவகுத்திருந்தது. அந்த வழியில் வந்த இவர்கள் உரிப்பது மத்திய காலத்தின் ஆடையை அல்ல, நம்முடையதை.

சவேரியோவுக்கு என்ன தெரியும்? இன்னின்ன வருஷத்தில் இன்னின்னது நடந்தது என்பது தெரியும். அதை வகுப்பில் பலமுறை கரும்பலகையில் எழுதியும் இருப்பான். மாரியோவுக்கு என்ன தெரியும்? இருபதாம் நூற்றாண்டின் சகல சௌகரியங்களையும் அனுபவிக்கத் தெரியும். பொத்தானை அழுத்தினால் விளக்கு எரியும், சாவியைத் திருகினால் வண்டி ஓடும், குழாயைத் திறந்தால் தண்ணீர் வரும் என்ற அளவில் நின்றுவிடுகிற ஞானத்தை, விளக்கும் வண்டியும் குழாயும் இல்லாத ஊரில் ஒருவன் எதைக்கொண்டு பிரயோகிப்பான்? அவ்விருவரும் ஃப்ரித்தோலேயில் யாருக்கும் எஜமானர் ஆவதில்லை; விட்டெல்லோத்ஸோ என்ற கசாப்புக்காரனின் தயவில் அவன் கடையில் எடுபிடி வேலை செய்து வயிற்றைக் கழுவுகிறார்கள். உபாத்தியாயருக்கும் சிப்பந்திக்கும் பள்ளிக்கூடக் கட்டடத்துக்குள் இருந்த உயரவேறுபாடும் அங்கே அர்த்தமிழந்துபோகிறது. தொஸ்கானா மண்ணில் இந்தப் பரிகாசத்துக்கு ஒரு பூர்வ சரித்திரம் உண்டு. ஃப்ளாரன்ஸுக்கு வடகிழக்கே, மலைமேல் உள்ள பார்பியானா என்ற குக்கிராமத்தில், டான் லொரென்ஸோ மிலானி என்ற பாதிரியார் ஏழைக் குடியானவர்களின் பிள்ளைகளுக்குப் பள்ளி நடத்தினார். அவருடைய மாணவர்கள் கூடி எழுதி, 1967இல், அவர் மறைந்த அதே வருஷம் வெளிவந்த 'ஓர் ஆசிரியைக்குக் கடிதம்' என்ற நூல், ஏழைப் பிள்ளைகளைத் தேர்வில் தோற்கடித்து வயலுக்கு அனுப்பும் பள்ளிக்கூடத்தின்மீது வைத்த குற்றச்சாட்டு தேசம் முழுவதும் எதிரொலித்தது. சவேரியோ அந்தக் குற்றச்சாட்டுக்குப் பிறகு வந்த தலைமுறையின் உபாத்தியாயர். கொடியவரல்ல, கருணையுள்ளவரே, ஆனாலும் பள்ளிக்கூடம் அவருக்குக் கொடுத்ததும், அவர் பள்ளிக்கூடத்துக்குத் திருப்பிக் கொடுத்ததும், முடிவுகளின் பட்டியல்தான், ஒன்றைக்கூட முதலிலிருந்து செய்துகாட்டும் வழி அவருக்கும் கற்பிக்கப்படவில்லை.

இந்த நிலையை எண்ணி நான் பலமுறை கலங்கியிருக்கிறேன். நம்மில் எத்தனை பேர் அந்த உபாத்தியாயருக்கு மேம்பட்டவர்கள்? பூமி சூரியனைச் சுற்றுகிறது என்பதைக் கேள்விப்பட்டிருக்கிறோமேயன்றி, சுற்றவில்லை என்று சாதிக்கும் ஒரு பதினைந்தாம் நூற்றாண்டுப் பண்டிதனை எதிரில் உட்காரவைத்து, வானத்தையும் நிழலையும் தவிர வேறு சாட்சியில்லாமல் அதை நிரூபித்துக்காட்ட எத்தனை பேருக்கு இயலும்? நாம் வைத்திருப்பது ஞானம் அல்ல, ஞானத்தின் ரசீதுகள். படைத்தவர்களும் பரீட்சித்தவர்களும் நம்மைச் சுற்றி உயிரோடு இருக்கும்வரை அந்த ரசீதுகள் செல்லுபடியாகின்றன. அவர்களைவிட்டு ஒருவன் தனியே பிரிந்தால், அடுத்த நிமிஷமே அவன் கையில் இருப்பது வெறும் காகிதம். கிரகணத்தைச் சரியான நாழிகையில் நினைவுகூர்ந்த ட்வைனின் கதாநாயகனுக்கு வாய்த்த அதிர்ஷ்டம் சவேரியோவுக்கு வாய்க்காததில் ஆச்சரியம் இல்லை. எந்த நூற்றாண்டின் கிரகணத் தேதிதான் நமக்கு மனப்பாடம்?

மாரியோவின் பாத்திரத்தைப் பற்றித் தனியே சொல்லவேண்டும். த்ரொய்ஸி நேப்பிள்ஸ் நகரை அடுத்த சான் ஜொர்ஜோ அ க்ரெமனோவில் 1953இல் பிறந்தவர். வார்த்தையைப் பாதியில் விழுங்கி, தயங்கி, மன்னிப்புக் கேட்பதுபோல் பேசும் அந்த நேப்பிள்ஸ் பேச்சைக் கடைசிவரை விட்டவர் அல்லர். 1981இல் அவர் இயக்கிய முதல் படத்தில், ஊர்சுற்றிப் பார்க்கப் புறப்பட்ட நேப்பிள்ஸ்காரனைப் பார்க்கிறவர்களெல்லாம் பிழைப்புத் தேடி வந்தவனா என்றே கேட்பார்கள். தெற்கத்தியான் பிரயாணம் செய்யமாட்டான், குடிபெயரத்தான் செய்வான் என்பது வடக்கே நிலைத்துவிட்ட எண்ணம். இந்தப் படத்திலும் அதே தெற்கத்தியான் தொஸ்கானாப் பள்ளியொன்றில் கடைநிலை வேலையில் இருக்கிறான். பெனிஞ்ஞியின் தொஸ்கானாப் பேச்சு தாந்தேயின் பேச்சுக்கு வாரிசு, ஆகவே ஃப்ரித்தோலேயில் சவேரியோ ஒருவகையில் தன் பாட்டன்மாரிடையே இருக்கிறான். மாரியோவோ இருபதாம் நூற்றாண்டிலும் அங்கே அந்நியன், பதினைந்தாம் நூற்றாண்டிலும் அங்கே அந்நியன். 1492இல் நேப்பிள்ஸ் அரகோனிய வம்சத்தாரின் கீழ் வேறொரு ராஜ்யம். இத்தாலி என்ற ஒரே தேசம் உருவாக இன்னும் 369 வருஷம் காத்திருக்கவேண்டும். அவன் எதையும் எதிர்த்துப் பேசுவதில்லை. எல்லாவற்றுக்கும் பணிவாகத் தலையசைக்கிறான். அந்தப் பணிவுக்குள் எவ்வளவு பெரிய மறுப்பு அடங்கியிருக்கிறது என்பதைக் காட்டும் ஒரு காட்சிக்காகவே இந்தப் படத்தை நான் பெரிதாக மதிக்கிறேன்.

மரணம் உனக்கு நிச்சயம், அதை மறவாதே என்று ஒரு துறவி கத்துகிறார். திகைத்து நிற்கும் மாரியோ, சரி, சரி, இதோ குறித்துவைத்துக்கொள்கிறேன் என்ற பாவனையில் பதில் சொல்கிறான். திரும்பவும் கத்துகிறார், திரும்பவும் அதே பணிவு. இத்தாலியர்கள் நாற்பது வருஷமாக இதைச் சொல்லிச் சொல்லிச் சிரிக்கிறார்கள். ஆனால் யார், யாரிடம் இதைச் சொல்கிறார் என்று யோசித்தால் சிரிப்பு வேறு நிறம் கொள்கிறது. 1980ஆம் ஆண்டு நவம்பர் 23ஆம் தேதி இர்ப்பினியா பூகம்பத்தில் தெற்கு இத்தாலி ஏறக்குறைய மூவாயிரம் பேரை இழந்து நான்கு வருஷமே ஆகியிருந்தது. அந்த மண்ணிலிருந்து வந்தவனுக்கு மரணத்தை ஞாபகப்படுத்த ஒரு துறவி தேவையா? த்ரொய்ஸி என்ற மனிதருக்கோ, சிறுவயதில் வந்த மூட்டுவாதக் காய்ச்சலால் இதயம் பழுதுபட்டு, 1976இல், தம் இருபத்துமூன்றாவது வயதில், அமெரிக்காவிலுள்ள ஹூஸ்டன் நகரம் சென்று அறுவைச் சிகிச்சை செய்துகொள்ள நேர்ந்தது. 1982இல் தம்முடைய மரணத்தையே பொருளாக வைத்து, இறந்துபோன த்ரொய்ஸியைப் பற்றிய பொய்யான அஞ்சலிப் படம் ஒன்றைத் தொலைக்காட்சிக்காக எடுத்தார். அதிலும் பெனிஞ்ஞி உடனிருந்தார். மரணத்தோடு இவ்வளவு காலம் ஒரே வீட்டில் குடித்தனம் செய்தவர், பயமுறுத்துகிறவரிடம் கோபிக்காமல், உங்கள் அக்கறைக்கு நன்றி என்கிற முகத்தோடு நிற்கிறார். பயத்தை வைத்து மனிதர்களை ஆளுகிறவர்களுக்கு, அது சபையானாலும் சர்க்காரானாலும், இதைவிடக் கூர்மையான பதிலை நான் எந்த அங்கதத்திலும் கண்டதில்லை. 'தபால்காரர்' என்ற படத்தின் வேலை முடிந்த கையோடு, 1994ஆம் ஆண்டு ஜூன் 4ஆம் தேதி, நாற்பத்தொரு வயதில் அவர் இறந்துபோனார்.

சுங்கச்சாவடிக் காட்சியும் பிரசித்தமானதே. மூட்டையோடு எல்லையைத் தாண்டும் இருவரையும் காவலன் நிறுத்தி, யார், எங்கிருந்து வருகிறீர்கள், என்ன கொண்டுபோகிறீர்கள் என்று ஒப்பித்ததைப்போல் வினவி, ஒரு ஃப்ளோரின் வசூலிக்கிறான். கடந்த பிறகு ஏதோ கீழே விழுந்துவிட, எடுக்கத் திரும்பினால், அதே காவலன், அதே முகம், அதே கேள்விகள், அதே ஒரு ஃப்ளோரின். மறுபடியும் கடக்க மறுபடியும் ஒரு ஃப்ளோரின். அந்தக் காவலன் பேராசைக்காரனல்ல, கொடுமைக்காரனும் அல்ல. தனக்கு முன்னால் நிற்பவன் அரை நிமிஷத்துக்கு முன் பார்த்த அதே மனிதன் என்பதைக் காண அவனுடைய உத்தியோகம் அவனுக்கு அனுமதி தரவில்லை, அவ்வளவுதான். முத்திரைத்தாள் இல்லாமல் விண்ணப்பம் நகராத, ஒரே சான்றிதழை மூன்று ஜன்னல்களில் மூன்றுமுறை காட்டவேண்டியிருந்த இத்தாலியக் குடிமகன், அந்தக் காவலனின் சந்ததியாரை அன்று காலையில்தான் ஏதோ ஓர் அலுவலகத்தில் சந்தித்துவிட்டுக் கொட்டகைக்கு வந்திருப்பான். 1252 முதல் ஃப்ளாரன்ஸ் அச்சடித்த அந்தப் பொன் நாணயம் மறைந்துவிட்டது. கேள்வி கேட்கிற குரல் மறையவில்லை.

சிறையில் அடைபட்ட விட்டெல்லோத்ஸோவை விடுவிக்கும்படி சவொனரோலாவுக்கு இருவரும் கடிதம் எழுதும் இடத்தில், முந்தைய தலைமுறை ஹாஸ்ய நடிகர்களான தொத்தோவும் பெப்பீனோவும் 1956இல் ஒரு படத்தில் கடிதம் எழுதிய புகழ்பெற்ற காட்சிக்கு வணக்கம் செலுத்துகிறார்கள். மகா உக்கிரமான துறவி சவொனரோலா; ஃப்ளாரன்ஸின் ஆடம்பரப் பொருள்களை 1497இல் குவித்துக் கொளுத்தியவர், மறுவருஷம் அதே நகரத்தின் சதுக்கத்தில் தூக்கிலிடப்பட்டுத் தாமே சாம்பலானவர். அவருக்கு எப்படிக் கடிதத்தை ஆரம்பிப்பது என்பதிலேயே இவர்கள் தத்தளிக்கிறார்கள். பெரிய மனிதருக்கு மனுப்போடும் ஏழையின் குழைவு, அளவுக்குமீறிய துதி, கமாவை எங்கே வைப்பது என்ற கவலை, எல்லாம் ஒன்றாகக் குழம்புகின்றன. எழுத்தறிவு பெற்றும், அதிகாரத்தின் முன்னால் எழுத்தை எப்படிப் பயன்படுத்துவது என்று அறியாதவர்களாகவே ஒரு ஜனசமூகம் நூற்றாண்டுகளாக வைக்கப்பட்டிருந்தது என்பதை நேரடியாகச் சொல்லும் கட்டுரையைக் காட்டிலும் இந்தச் சிரிப்பு எனக்கு ஆழமாகப் படுகிறது. முடிவு தெரிந்த சரித்திரம் சவேரியோவுக்கு இங்கும் உதவவில்லை. சவொனரோலா எப்படிச் சாவார் என்பதை அறிந்தவனும், உயிரோடிருக்கும் சவொனரோலாவிடம் கெஞ்சத்தான் வேண்டியிருக்கிறது.

மாரியோவின் காதலையும் இதோடு சேர்த்துப் பார்க்கவேண்டும். மதிலுக்கு அப்பாலிருந்து வந்து விழுந்த பந்தைத் திருப்பி எறியப்போய், பியா என்ற செல்வக் குடும்பத்துப் பெண்ணோடு அவனுக்குப் பழக்கம் ஏற்படுகிறது. அவளுக்குக் கொடுக்க அவனிடம் ஒன்றும் இல்லை. ஆகவே, பீட்டில்ஸ் குழுவினரின் 'யெஸ்டர்டே' என்ற பாட்டை, தானே இயற்றியதுபோல் பாடுகிறான். 1965இல் வந்த பாட்டு 1492இல் பாடப்படுகிறது. கேட்கிற பெண் உருகுகிறாள். படத்தில் இரவல் ஞானம் உண்மையாகவே பயன்படுவது அநேகமாக இந்த ஓர் இடத்தில்தான். யந்திரத்தைப் பற்றிய செய்தி யந்திரம் ஆகாது; ஆனால் ஒருவன் மனத்தில் சுமந்துவந்த பாட்டு, வாய்திறந்தால் பாட்டாகவே வெளிப்படுகிறது. த்ரொய்ஸி அதைப் பாடுகிற தயக்கத்தில் ஏமாற்றுகிறவனின் சாதுரியம் மருந்துக்கும் இல்லை. தன்னிடம் இருப்பதில் இதுதான் நல்லது என்று நம்பிக் கொடுக்கிறவனின் கூச்சமே இருக்கிறது. வார்த்தைகளுக்கு அர்த்தம் புரியாமலே அது அவளைச் சென்று சேருகிறது.

படத்தின் சமூகப் பரிகாசம் முழு விஸ்தாரம் பெறுவது கொலம்பஸ் விஷயத்தில். வருஷம் 1492 என்று தெரிந்ததும் சவேரியோவுக்கு ஒரு மகத்தான திட்டம் உதிக்கிறது: ஸ்பெயினுக்கு ஓடிப்போய்க் கொலம்பஸைத் தடுத்துவிட்டால் அமெரிக்கா கண்டுபிடிக்கப்படாது, அமெரிக்கா இல்லையென்றால், தன் சகோதரி கப்ரியெல்லீனாவைக் காதலித்துக் கைவிட்டுப்போன ஃப்ரெட் என்ற அமெரிக்கனும் இருக்கமாட்டான், அவள் அழமாட்டாள். ஒரு பெண்ணின் கண்ணீருக்காக ஒரு கண்டத்தையே நிறுத்திவைக்கப் பார்க்கிறான் என்பது வேடிக்கையாகத் தோன்றுவது நியாயமே. ஆனால் 1984இல் இத்தாலியில் அமெரிக்கா என்பது தூரத்துத் தேசத்தின் பெயராக மட்டும் இருக்கவில்லை. சவேரியோவின் சொந்த மாநிலத்திலேயே, பீஸாவுக்கும் லிவோர்னோவுக்கும் இடையில், 1951 முதல் டார்பி முகாம் என்ற அமெரிக்க ராணுவத் தளம் இருக்கிறது; சிசிலியில் கோமிஸோ என்ற ஊரில் அமெரிக்கக் க்ரூஸ் ஏவுகணைகள் நிறுவப்பட்டு, அவற்றை எதிர்த்து லட்சக்கணக்கானோர் ஊர்வலம் போய்க்கொண்டிருந்த காலம் அது. பெனிஞ்ஞி அந்த அரசியலுக்கு அந்நியர் அல்லர். கம்யூனிஸ்டுக் கட்சித் தலைவர் என்ரிக்கோ பெர்லிங்குவெரை 1983இல் ஒரு பொதுக்கூட்ட மேடையில் குழந்தையைத் தூக்குவதுபோல் இரு கைகளாலும் தூக்கியவர். பெர்லிங்குவெர் 1984 ஜூன் மாதத்தில் மறைந்தார்; படம் வந்தது அந்த வருஷக் கடைசியில். கோமிஸோவைப் பற்றிப் படம் பேசுவதில்லை. அழுகிற சகோதரியைப் பற்றி மட்டுமே பேசுகிறது. பெரிய வல்லரசின் நிழல் ஒரு சின்னக் குடும்பத்தின் சாப்பாட்டு மேஜைமேல் எந்த உருவத்தில் விழும் என்பதை இதைக்காட்டிலும் சிக்கனமாகச் சொல்ல இயலாது என்றே நினைக்கிறேன்.

கொலம்பஸைப் பற்றி இன்னொன்றும் சொல்லவேண்டும். 1504ஆம் ஆண்டு பிப்ரவரி 29ஆம் தேதி, ஜமைக்காத் தீவில் கப்பல்கள் பழுதாகி உணவின்றிச் சிக்கியிருந்த கொலம்பஸ், பஞ்சாங்கத்தில் சந்திர கிரகணம் குறித்திருப்பதைப் பார்த்து, எனக்கு உணவு தராவிட்டால் என் தெய்வம் சந்திரனை மறைத்துவிடும் என்று அத்தீவின் பூர்வகுடிகளை மிரட்டிக் காரியம் சாதித்தார். ட்வைனின் கதாநாயகனுக்குக் கிரகண யுக்தி தோன்றியதே இந்தச் சரித்திரத்தை நினைத்துத்தான். தெரிந்த ஒன்றைக்கொண்டு தெரியாதவனை அடக்கியாளும் அந்த மரபின் ஆதிபுருஷர்களில் ஒருவரைத்தான் சவேரியோவும் மாரியோவும் தடுக்கப் புறப்படுகிறார்கள். அவர்கள் கையில் வாளில்லை, தந்திரமும் இல்லை. நேரத்துக்குப் போய்ச் சேரவும் முடியவில்லை. பாலோஸ் கரையை அடையும்போது கப்பல்கள் போய்விட்டன. சரித்திரத்தை மாற்றுவது தவறு என்ற தத்துவத்தாலோ, காலத்தின் விதி என்ற ஏதோ ஒன்று குறுக்கே நின்றதாலோ அல்ல. சாதாரண மனிதர்கள் எப்போதும் தாமதமாகத்தான் போய்ச் சேர்கிறார்கள் என்பதால்.

படத்தில் குறைகள் இல்லாமல் இல்லை. கொலம்பஸைத் தடுக்க வருகிறவர்களைத் தடுப்பதற்காக அனுப்பப்பட்ட அஸ்திரியா என்ற வில்லேந்திய பெண்ணின் பகுதி அரைகுறையாகவே நிற்கிறது. பியாவும் ஒரு முகமாக நின்றுவிடுகிறாளேயன்றி முழு மனுஷியாக வளரவில்லை. கதை ஒழுங்காக நடக்காமல் அலைகிறது என்று கூறுகிறவர்களோடு எனக்கு வாதமில்லை. அந்த அலைச்சலில்தான் இரு நடிகர்களும் ஒருவர் மூச்சை மற்றவர் கேட்டுக்கொண்டு சம்பாஷணையை அந்தந்த க்ஷணத்தில் சிருஷ்டிக்கும் சுகம் கிடைக்கிறது என்பதை மட்டும் சேர்த்துச் சொல்வேன். படம் கொட்டகைகளில் ஓடத்தொடங்கிய அதே டிசம்பரில், 23ஆம் தேதி, நேப்பிள்ஸிலிருந்து மிலான் நோக்கிச் சென்ற ரயிலில், ஃப்ளாரன்ஸுக்கும் பொலோஞ்ஞாவுக்கும் இடையே மலைக்குடைவுக்குள் குண்டு வெடித்து, பண்டிகைக்கு ஊர்போய்க்கொண்டிருந்தவர்களில் பதினைந்து பேருக்கு மேல் மாண்டார்கள். அழுவதைத் தவிர வேறு வழியில்லை என்ற பெயர்ப்பலகை தொங்கிய கொட்டகைகளுக்குள் அந்த வாரத்தில் ஜனங்கள் போனார்கள், சிரித்தார்கள். அந்தச் சிரிப்பை மறதி என்று யாரும் குறைவாக எண்ணவேண்டாம்; அப்படிப்பட்ட வருஷங்களில் ஒரு சமூகம் தன் சித்தத்தைக் காப்பாற்றிக்கொள்ளும் உபாயங்களில் அதுவும் ஒன்று.

கடைசியாக லியொனார்தோ. பாவோலோ பொனச்செல்லி என்ற நடிகர் ஏற்ற வேஷம். உண்மையில் 1492இல் லியொனார்தோ தா வின்சி மிலான் பிரபுவின் சேவகத்தில், பிரம்மாண்டமான குதிரைச் சிலை ஒன்றுக்குக் களிமண் மாதிரி செய்வதில் ஈடுபட்டிருந்தார். படம் அதையெல்லாம் பொருட்படுத்தாமல் அவரை வழியில் கொண்டுவந்து நிறுத்துகிறது. சவேரியோவுக்கும் மாரியோவுக்கும் ஆனந்தம் தாங்கவில்லை. இதோ நம் பேச்சைப் புரிந்துகொள்ளக்கூடிய ஒரே மனிதர். இவரிடம் எல்லாவற்றையும் கொட்டிவிட்டால் மனித குலமே நானூறு வருஷம் முன்னேறிவிடும். வரும் இலாபத்தில் நமக்கும் பங்கு உண்டு. ரயிலைப் பற்றிச் சொல்கிறார்கள், மின்சாரத்தைப் பற்றிச் சொல்கிறார்கள், ஜுரம் பார்க்கும் தெர்மாமீட்டரைப் பற்றிச் சொல்கிறார்கள். ஆனால் என்ன சொல்கிறார்கள்? அது போகும், நிற்கும், புகை வரும், ஜனங்கள் ஏறுவார்கள் என்ற அளவுக்கு மேல் அவர்களிடம் சொல்ல எதுவும் இல்லை. இத்தாலியின் முதல் ரயில் 1839இல் ஓடியது நேப்பிள்ஸிலிருந்து போர்த்திசிக்கு, அதாவது த்ரொய்ஸி பிறந்த ஊருக்கு அடுத்த ஊருக்கு. பிறந்தது முதல் ரயில் ஓசையைக் கேட்டே வளர்ந்திருக்கக்கூடிய மனிதன், அதற்குள் நீராவி என்ன செய்கிறது என்று கேட்டால் கையை ஆட்டிக்காட்டத்தான் செய்கிறான். லியொனார்தோ அவர்களை விழித்துப் பார்க்கிறார். உலகப் பிரசித்தி பெற்ற இந்த மேதை இவ்வளவு மந்தமா என்று அவர்கள் மனம் நொந்து விலகிப்போகிறார்கள்.

நிஜமான லியொனார்தோ முறைப்படி லத்தீன் கல்வி பெறாதவர். கலியாணத்துக்குப் புறம்பே பிறந்த பிள்ளையாகையால் படித்தவர்களின் உத்தியோகங்கள் அவருக்கு அடைபட்டிருந்தன. தம் குறிப்பேடுகளில் தம்மைக் கல்வியறியாதவன் என்றே சொல்லிக்கொண்டு, பிறர் உழைத்துத் தேடியதை ஆபரணமாகப் பூட்டிக்கொண்டு உலாவும் பண்டிதர்களோடு ஓயாமல் வாதிட்டிருக்கிறார். அனுபவந்தான் எனக்குக் குரு என்பது அவருடைய கட்சி. நீராவியின் பலத்தால் குண்டெறியும் பீரங்கி ஒன்றையும் அந்தக் குறிப்பேடுகளில் வரைந்து, அதை ஆர்க்கிமிடீஸின் யோசனை என்று எழுதிவைத்தார். படத்தை எழுதியவர்கள் இவற்றை மனத்தில் வைத்து எழுதினார்களா என்பது எனக்கு முக்கியமல்ல. இத்தகைய மனிதரைப் போய்த்தான் இரவல் ஞானிகள் இருவரும் மந்தபுத்தி என்று தீர்மானிக்கிறார்கள் என்பதே முக்கியம். அவர் பதில் சொல்லாமல் விழித்தது புரியாததால் அல்ல. புரிந்துகொள்வது என்றால் என்ன என்பதை அறிந்தவராகையால். செய்துபார்க்கும்வரை எதையும் அறிந்ததாகத் தலையாட்டுவது அவர் வழக்கமல்ல.

பிற்பாடு ஒரு நாள் வயல்வெளியில் புகை எழுகிறது, விசில் சத்தம் கேட்கிறது. ரயில்! இருபதாம் நூற்றாண்டு திரும்ப வந்துவிட்டது, வீட்டுக்குப் போகிறோம் என்று இருவரும் ஓடுகிறார்கள். நிற்கும் எஞ்சினை ஓட்டிவந்தவர் லியொனார்தோ. போகும், நிற்கும், புகை வரும் என்று அவர்கள் உளறிய ஐந்தாறு வார்த்தைகளைக் கொண்டுபோய், நடுவில் விடுபட்டிருந்த அத்தனையையும் தாமே கண்டறிந்து, இரும்பை உருக்கி, தண்ணீரைக் கொதிக்கவைத்துக் கட்டி முடித்திருக்கிறார். ஸ்டீஃபென்ஸனுக்கு முந்நூறு வருஷத்துக்கு மேல் முந்திய அந்த எஞ்சினை நோக்கி அவர்கள் ஓடியது, அதைப் பார்ப்பதற்காக அல்ல, ஊர்போய்ச் சேர்வதற்காக.